குரல் ஏற்ற வேடங்கள்



தமிழ் இசை நாடக மேடையில் உருவான நடிகையரில் கே. பி. சுந்தராம்பாளைப் போல மக்கள் நினைவில் நிலைத்தவர் வேறொருவர் இல்லை. ஆனால் அந்த நினைவு ஒரு பக்கமாகச் சாய்ந்தே இருக்கிறது. 1908இல் கொடுமுடியில் பிறந்தார், வறுமையில் வளர்ந்தார், சிறு வயதிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்தார், இலங்கையில் நாடகம் ஆடப் போன இடத்தில் எஸ். ஜி. கிட்டப்பாவோடு மேடையில் இணைந்தார். 1927இல் அவரை மணந்தார். 1933இல் அவரைப் பறிகொடுத்தார். இருபத்தைந்து வயதில் வெள்ளைச் சேலைக்கு மாறினார். இதுவே நாம் திரும்பத் திரும்பச் சொல்லும் கதை. கிட்டப்பாவுக்கு அவர் எழுதிய கடிதங்கள் அச்சில் வந்து பலரது கண்களையும் கலங்க வைத்தன. அதற்குப் பிறகு அவர் செய்த ஒவ்வொரு காரியமும் அந்தத் துயரத்தின் தொடர்ச்சியாகவே நமக்குத் தெரியத் தொடங்கிவிட்டது. மணந்த நாள் முதல் கிட்டப்பாவின் மறைவுவரை 6 ஆண்டுகள்தாம். அதற்குப் பின் 1980இல் தாம் மறையும்வரை 47 ஆண்டுகள் அவர் வாழ்ந்தார், பெரும்பகுதியும் உழைத்துக்கொண்டே. அந்த உழைப்பைத் துயரத்தின் நிழலாக மட்டும் பார்ப்பது அவருக்கு நாம் இழைக்கும் அநீதி. தமிழ் இசை நாடகம் என்ற கலைக்கும் அதே அநீதியை இழைக்கிறோம்.

இந்த அறக்கட்டளைச் சொற்பொழிவில் நான் நிறுவ முயல்வது ஒன்றே. 1933க்குப் பிந்தைய சுந்தராம்பாளை மேடையை விட்டுச் சினிமாவில் ஒதுங்கிய கைம்பெண் என்று கொள்வது பிழை. இசை நாடகத்தின் இலக்கணத்தைத் தம் குரலோடு எடுத்துச் சென்று, அதற்கு இடம் தரும் வேடங்களை மட்டும் தெரிந்தெடுத்து, ஏறத்தாழ நாற்பது ஆண்டுக் காலம் அதைத் திரைக்குள் வாழவைத்தவர் அவர். அவர் ஏற்ற வேடங்களின் வரிசையும், ஏற்க மறுத்தவையும், வாங்கிய ஊதியமும், பாடிய முறையும் இதற்குச் சான்றாக நிற்கின்றன.

அந்த இலக்கணம் எது என்பதை முதலில் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் 1922இல் மறைந்தபோது, அவருடைய நாடகங்கள் தமிழ்நாட்டு நடிகர்களின் பொதுச் சொத்தாகிவிட்டிருந்தன. 'வள்ளி திருமணம்', 'பவளக்கொடி', 'கோவலன்' போன்றவற்றின் பாட்டும் வசனமும் எல்லாருக்கும் மனப்பாடம். அதனால்தான் ஸ்பெஷல் நாடகம் என்ற ஏற்பாடு நடைமுறைக்கு வந்தது. காண்டிராக்டர் நாயக வேடக்காரரான ராஜபார்ட்டை ஓர் ஊரிலிருந்தும் பெண் வேடக்காரரான ஸ்திரீபார்ட்டை இன்னோர் ஊரிலிருந்தும் வரவழைப்பார், ஒத்திகை கிடையாது, அன்றிரவு மேடையில்தான் இருவரும் நேருக்கு நேர் சந்திப்பார்கள். 'வள்ளி திருமண'த்தில் வள்ளிக்கும் வேடனாய் வந்த முருகனுக்கும் நடக்கும் தர்க்கம் உண்மையாகவே ஒரு போட்டியாக மாறுவதற்குக் காரணம் இதுதான். எதிராளி எந்த ராகத்தை எடுப்பார், எந்த வார்த்தையில் மடக்குவார் என்பது முன்கூட்டித் தெரியாது. கிட்டப்பாவும் சுந்தராம்பாளும் ஒரே மேடையில் நின்றபோது சனங்கள் திரண்டதற்கு, கதையின் முடிவை அறியும் ஆவல் காரணமாக இருந்திருக்க முடியாது. வள்ளிக்கு முருகன் மாலையிடுவான் என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதானே. அடுத்த பாட்டில் யார் மேலே போவார்கள் என்பதே அவர்களை விடிய விடிய விழித்திருக்கச் செய்தது.

ஒலிபெருக்கி பரவாத காலம் அது. தரை டிக்கெட்டில் கடைசியில் உட்கார்ந்திருப்பவர் காதிலும் சொல் தெளிவாக விழ வேண்டும். ஆகவே சுருதி உயர்ந்தது. ஆர்மோனியம் நான்கு, ஐந்து கட்டை என்று ஏறியது. கிட்டப்பாவின் புகழே அந்த உயரத்தில் அனாயாசமாகச் சஞ்சரித்த சாரீரத்தால் வந்தது. இதில் ஆழ்ந்து கவனிக்க வேண்டிய விளைவு ஒன்று உண்டு. ஆண்கள் அவ்வளவு உயரத்தில் பாடியதால், மேடையில் ஆணும் பெண்ணும் ஒரே சுருதியில் நின்று பாட முடிந்தது. கேட்பவர் காதில் ஆண்குரலுக்கும் பெண்குரலுக்கும் இடையிலிருந்த தூரம் குறைந்தது. பாய்ஸ் கம்பெனிகளில் சிறுவர்கள் ஸ்திரீபார்ட் போட்டார்கள்; கிட்டப்பாவே சிறுவனாக அப்படி நடித்தவர்தான். கும்பகோணம் பாலாமணி அம்மாளின் குழுவிலோ எல்லா வேடங்களும் பெண்களுக்கே. யார் எந்த வேடம் கட்டலாம் என்பதை உடலும் வயதும் தீர்மானிக்கவில்லை; சாரீரமே தீர்மானித்தது. கதை ஓடிக்கொண்டிருக்கும், பாட்டு வந்ததும் நின்றுவிடும், நடிகர் எதிரே நிற்கும் பாத்திரத்தை விட்டு அவையை நோக்கித் திரும்புவார். ஒன்ஸ்மோர் கேட்டால் திரும்பவும் பாடுவார். இன்றைய நாடக ரசனைக்கு இது குறையாகப் படலாம். அன்றைய அவைக்கு இதுவே நாடகம்.

இந்த இலக்கணம் திரைக்குள் எப்படி நுழைந்தது என்பதற்கு 1935இல் வெளிவந்த 'பக்த நந்தனார்' முதல் சான்று. கிட்டப்பா மறைந்த பின் ஆண் நடிகரோடு ஜோடியாக நடிப்பதில்லை என்று சுந்தராம்பாள் உறுதி பூண்டிருந்தார். ஹாசன்தாஸ் என்ற பட முதலாளி விடாமல் கேட்டபோது, அவர் விலகிப்போகட்டும் என்றே ஒரு லட்ச ரூபாய் கேட்டதாகவும், அவர் அதற்கும் சம்மதித்துவிட்டதாகவும் சொல்வார்கள். நோக்கம் எதுவாயினும், தம் குரலின் விலையைத் தாமே சொல்லி வாங்கியவர் அவர். அன்று ஒரு லட்ச ரூபாய் என்பது இந்தியப் படவுலகமே திரும்பிப் பார்த்த தொகை. அவ்வளவு பணம் கொடுத்து அவருக்கு அளித்த வேடம் நந்தனார்! கோயில் வாசல் மறுக்கப்பட்ட பண்ணையாள், ஓர் ஆண். அவரை அதிகாரம் செய்யும் வேதியராக நடித்தவர் கச்சேரி மேடையில் கொடிகட்டிப் பறந்த மகாராஜபுரம் விசுவநாதையர். இருபத்தேழு வயதுப் பெண் ஆண் வேடம் கட்டியதை விசித்திரம் என்று நாம் நினைக்கிறோம். நாடக மேடையிலிருந்து பார்த்தால் அதில் விசித்திரம் எதுவும் இல்லை. நந்தனாருக்குத் தேவை சிதம்பரத்தை நினைத்து உருகும் ஒரு சாரீரம். அது யாரிடம் இருந்ததோ அவருக்கே வேடம் போயிற்று. ஆறு ஆண்டு கழித்து 1941இல் 'சாவித்திரி' படத்தில் எம். எஸ். சுப்புலட்சுமி நாரதராக வந்ததும் இதே வழக்கின்படிதான்.

'பக்த நந்தனார்' படத்தை எழுத்தாளர் கல்கி கடுமையாக விமர்சித்தார். நடிப்பு என்ற ஒன்றே அதில் இல்லை என்பது அவர் கட்சி. சுந்தராம்பாளைப் பற்றிப் பேசும் எவரும் இந்த விமர்சனத்தைத் தாண்டிப் போக முடியாது. அது வெறும் காழ்ப்பில் பிறந்ததும் இல்லை. கல்கி இசையறிந்தவர், சினிமா என்பது முகமும் உடலும் பேச வேண்டிய கலை என்று அப்போதே உணர்ந்தவர். இருந்தாலும் இரண்டு செய்திகளை எதிரே வைக்க வேண்டியிருக்கிறது. 1935இல் பாட்டு தனியாகப் பதிவாகவில்லை. காமிராவுக்கு முன்னால் நின்று பாடும்போதே ஒலியும் பதிவாக வேண்டும். பக்கவாத்தியம் காமிராவின் கண்ணுக்குத் தப்பி அருகிலேயே இருக்க வேண்டும். பாடுகிறவர் மைக்கை விட்டு விலகினால் பாட்டே போய்விடும். அசையாமல் நின்றதற்கு நடிகரின் இயலாமையைவிட அந்தக் கருவிகளின் கட்டுப்பாடு பெரிய காரணம். மற்றொன்று, அந்த நிற்றல் நாடகத்திலிருந்து வந்தது. பாட்டின் நேரத்தில் கதை நின்றுவிட வேண்டும் என்பதே சுந்தராம்பாள் கற்ற பாடம். சினிமா கேட்ட நடிப்பை அவர் கொடுக்கவில்லை என்பது உண்மை. தாம் கற்ற நடிப்பை அவர் கைவிடவில்லை என்பதும் அதே அளவு உண்மை. கல்கியின் அளவுகோலை ஏற்றுக்கொண்டால் அந்தப் படத்தோடு சுந்தராம்பாளின் திரைவாழ்வு முடிந்திருக்க வேண்டும். முப்பது ஆண்டுக்குப் பிறகும் அவர் நின்று பாடிய காட்சிகளுக்காக மக்கள் கொட்டகை நோக்கி நடந்தார்கள் என்றால், அந்த அளவுகோலுக்கு எட்டாத ஏதோ ஒன்று அங்கே இருந்திருக்கிறது.

இதைவிட வலுவான மறுப்பு வேறொன்று. சுந்தராம்பாள் எதையும் தெரிந்தெடுக்கவில்லை; கைம்பெண்ணுக்குச் சமூகம் விட்டுவைத்த வேடங்களையே அவர் ஏற்றார் என்பது அது. இதில் பாதி உண்மை இருப்பதை நான் மறுக்கவில்லை. வெள்ளைச் சேலை உடுத்த ஒருத்தி திரையில் காதலியாக வந்திருந்தால், 1930களின் தமிழ்நாடு அதைத் தாங்கியிருக்குமா என்பது ஐயமே. ஆனால் அவர் வேடங்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். 1935இல் நந்தனார். 1940இல் இளவரசனின் காதலை உதறிவிட்டு அமுதசுரபி ஏந்திப் பசித்தவர்களைத் தேடிப் போன மணிமேகலை. 1953இல் அவ்வையார். 1964இல் 'பூம்புகா'ரில் கவுந்தி அடிகள். 1965இல் 'திருவிளையாட'லிலும் 1967இல் 'கந்தன் கருணை'யிலும் மறுபடியும் அவ்வை. 1973இல் காரைக்கால் அம்மையார். குடும்பத்துக்குள் அடங்கிய ஒரு பாத்திரம்கூட இந்த வரிசையில் இல்லை. சமூகம் கைம்பெண்ணுக்கு வகுத்த இடம் வீட்டின் ஒரு மூலை. இவர் ஏற்ற பெண்களோ ஊர் ஊராக நடந்தவர்கள்; அரசரிடமும் தெய்வத்திடமும் நேர் நின்று பேசியவர்கள்; பேச்சும் பாட்டுமே தங்கள் அதிகாரம் என்று வாழ்ந்தவர்கள். மூலையில் உட்கார் என்று சொன்ன சமூகத்திடமிருந்து இந்த வேடங்கள் வந்திருக்க வழியில்லை. தமிழ் இலக்கியத்தில் குரலின் வலிமையால் நின்ற பெண்களைத் தேடிப் பிடித்து வந்த வேடங்கள் இவை. ஜோடி சேர்ந்து நடிப்பதில்லை என்ற உறுதி அவர் வாய்ப்புகளைக் குறைத்தது என்பார்கள். அந்த உறுதியே அவரை வயதின் பிடியிலிருந்தும் விடுவித்தது என்பது என் கருத்து. கதாநாயகியாக வந்த நடிகையர் முப்பதைத் தாண்டியதும் ஓரங்கட்டப்பட்ட தொழில் அது. சுந்தராம்பாள் தம் நாற்பத்தைந்தாவது வயதில் ஜெமினி ஸ்டுடியோவின் மிகப் பெரிய படங்களில் ஒன்றைத் தனியாகத் தோளில் தாங்கினார்.

அந்த 'அவ்வையார்' படத்தை எஸ். எஸ். வாசன் தயாரித்தார்; கொத்தமங்கலம் சுப்பு இயக்கினார். யானைகளும் கோட்டைகளும் பெருங்கூட்டமுமாக எடுத்த படம். அத்தனை பிரம்மாண்டத்துக்கும் நடுவில் கோலூன்றி நடக்கும் ஒரு கிழவியின் பாட்டே படத்தின் உயிராக நின்றது. காதல் இல்லை, கதாநாயகன் இல்லை, இளம்பெண்ணின் ஆட்டத்தை நம்பவும் இல்லை. வணிக சினிமாவின் கணக்குக்குப் பொருந்தாத இந்தத் துணிவு வாசனுக்கு வந்ததன் காரணம், அவர் கையில் சுந்தராம்பாளின் குரல் இருந்ததுதான்.

அரசியலைப் பற்றியும் ஒரு சொல். தீரர் சத்தியமூர்த்தி நாடகக் கலைஞர்களைக் காங்கிரசின் பக்கம் ஈர்த்தவர். மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய தேசியப் பாட்டுகள் மேடையிலும் கிராமபோன் தட்டுகளிலும் ஊரெங்கும் பரவின. சுந்தராம்பாள் அவற்றைப் பாடினார். தேர்தல் மேடைகளுக்கும் போனார். 1950களில் சென்னைச் சட்ட மேலவையின் உறுப்பினரானார். கட்சி அவர் குரலைப் பயன்படுத்திக்கொண்டது என்று சிலர் எழுதுகிறார்கள். பயன்படுத்திக்கொண்டதுதான். ஆனால் இது சுந்தராம்பாளோடு மட்டும் நிற்கும் செய்தி இல்லை. நாடக நடிகர் விசுவநாததாஸ் முருகன் வேடத்தில் மயில்மேல் அமர்ந்தபடியே தேசியப் பாட்டுப் பாடினார். பல முறை சிறை சென்றார். 1940இல் மேடையிலேயே உயிர் துறந்தார். புராணக் கதையை நிறுத்திவிட்டு அவையைப் பார்த்து நாட்டு நடப்பைப் பாடலாம் என்ற உரிமை இசை நாடகத்தின் இலக்கணத்திலேயே இருந்தது. தணிக்கையோடு மோதிய அந்த உரிமையைத்தான் சுந்தராம்பாள் பொதுக்கூட்ட மேடைக்கும் கொண்டுபோனார். பாத்திரத்திலிருந்து விலகி மக்களிடம் நேரே பேசுவது அவருக்குப் புதிதாகக் கற்க வேண்டிய வித்தையாக இருக்கவில்லை.

1930களின் இறுதியில் பின்னணிப் பாட்டு தமிழ்ப் படத்துக்குள் வந்தது. இசை நாடகத்தின் வழிவந்த நடிகர்களுக்கு அது ஒரு முடிவின் தொடக்கம். பாடத் தெரிந்தவர் நடிக்க வேண்டியதில்லை, நடிக்கத் தெரிந்தவர் பாட வேண்டியதில்லை என்றாயிற்று. முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதா'ஸின் நாயகி டி. பி. ராஜலட்சுமி மேடையிலிருந்து வந்தவர். தியாகராஜ பாகவதரும் பி. யு. சின்னப்பாவும் மேடையிலிருந்தே வந்தவர்கள். 1951இல் சின்னப்பா மறைந்தார், 1959இல் பாகவதர். எம். எஸ். சுப்புலட்சுமி 'மீரா'வுக்குப் பிறகு படவுலகை விட்டுக் கச்சேரி மேடையிலேயே நிலைத்தார். சுந்தராம்பாளுக்கும் இரண்டு வழிகள் எளிதாகத் திறந்திருந்தன. கச்சேரியோடு நிறுத்திக்கொண்டிருக்கலாம். பிற நடிகையருக்குக் குரல் கொடுத்துப் பெரும்பொருள் ஈட்டியிருக்கலாம். இரண்டாவதை அவர் தொழிலாகக் கொள்ளவே இல்லை. பாடுகிற வாயும் திரையில் தெரிகிற முகமும் ஒருவருடையதாகவே இருக்க வேண்டும் என்ற பழைய முறையைத் தனியொருவராகத் தொடர்ந்தார். பின்னணிப் பாடகியருக்கான தேசிய விருது ஏற்படுத்தப்பட்டபோது 1968ஆம் ஆண்டுக்கு அதைப் பெற்றவர் பி. சுசீலா. அடுத்த ஆண்டு, 'துணைவன்' படத்துக்காக, சுந்தராம்பாள். பிறருக்காகப் பாடுவோரை நினைத்து வகுத்த ஒரு விருதைத் தாமே திரையில் தோன்றிப் பாடியவர் பெற்றார். பாட்டும் நடிப்பும் சேர்ந்த ஒரு கலைக்குத் தனியாக விருது வகுக்கும் எண்ணமே அப்போது யாருக்கும் இருக்கவில்லை. மறைந்துவிட்டது என்று கருதப்பட்ட ஒரு மரபு அறுபத்தொரு வயதில் அவர் உருவில் வந்து நின்றது.

அறுபதுகளில் இது நடந்ததற்கு இன்னொரு மனிதரின் பங்கும் உண்டு. ஏ. பி. நாகராஜன் டி. கே. எஸ். சகோதரர்களின் குழுவில் சிறுவனாக ஸ்திரீபார்ட் போட்டு வளர்ந்தவர். 'திருவிளையாட'லில் பழத்துக்காகக் கோபித்துக்கொண்ட முருகனை அவ்வை சமாதானம் செய்யும் காட்சியைப் பாருங்கள். ஒருவர் கேட்க, மற்றவர் மறுக்க, சொல்லுக்குச் சொல் மடக்கி, பாட்டில் போய் முடியும் அந்த அமைப்பு 'வள்ளி திருமண'த் தர்க்கத்தின் அச்சு அசலான வார்ப்பு. முன்பு வள்ளியாக நின்று முருகனோடு வாதாடிய நடிகை, ஐம்பத்தேழு வயதில் கிழவியாக நின்று குழந்தை முருகனோடு வாதாடுகிறார். காமிரா அசையாமல் அவரைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. கல்கி குறையாகக் கண்ட அந்த நிற்றலை ஒரு நாடகக்காரர் புரிந்துகொண்டு அதற்கேற்பக் காட்சியை அமைத்தபோது அது குறையாகத் தெரியவில்லை.

சங்கீத உலகிலிருந்து வரும் மறுப்பு ஒன்று இருக்கிறது. அதைச் சுருக்கமாகவே பார்க்கலாம். நாடகப் பாட்டு சத்தம் மிகுந்தது, நுட்பம் குறைந்தது என்பார்கள். சத்தம் அரங்கின் தேவை என்று முன்பே கண்டோம். நுட்பத்தைப் பொறுத்தவரை, சுந்தராம்பாளின் தனித்தன்மை சொல்லில் இருந்தது. விருத்தம் பாடும்போது எதுகையில் சற்றே அழுத்தி, பொருள் முடியும் இடத்தில் மட்டுமே மூச்சு வாங்கி, மேல் ஸ்தாயியிலும் லகர ளகர வேறுபாடு குலையாமல் பாடுவது அவருக்குக் கைவந்தது. தமிழில் பாடப்படுவது தமிழாகவே காதில் விழ வேண்டும் என்று தமிழிசை இயக்கம் 1940களில் கேட்டதை நாடக மேடை அதற்கு முன்பே நடைமுறையில் செய்துகொண்டிருந்தது. தமிழிசைச் சங்கம் 1966இல் அவருக்கு இசைப் பேரறிஞர் பட்டம் அளித்தது அந்தத் தொண்டுக்கான தாமதமான ஒப்புதல்.

கடைசியாக, அவருக்கு வாரிசு இல்லையே என்ற கேள்வி. ஒரு மரபைக் காத்தவர் என்றால் அது அவருக்குப் பிறகும் தொடர்ந்திருக்க வேண்டாமா என்று கேட்பது நியாயமே. திரையில் அது தொடரவில்லை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். 'காரைக்கால் அம்மையா'ரிலேயே இளம்வயதுப் புனிதவதியாக லட்சுமி நடிக்க, உடலழகை உதறிப் பேயுரு வேண்டிப் பெற்ற பின்னுள்ள பகுதி சுந்தராம்பாளுக்கு வந்தது. இளமையும் அழகும் ஒருவரிடம், பாட்டு இன்னொருவரிடம் என்று படவுலகம் செய்துகொண்ட பாகப்பிரிவினை அந்த ஒரு படத்துக்குள்ளேயே தெரிகிறது. ஆனால் இசை நாடகத்தின் கணக்கைத் திரையோடு முடித்துவிடக் கூடாது. மதுரை, புதுக்கோட்டை, சிவகங்கைப் பக்கத்துக் கிராமங்களில் பங்குனி, சித்திரைத் திருவிழா இரவுகளில் இன்றும் 'வள்ளி திருமணம்' நடக்கிறது. ஒத்திகை இல்லாமல், வெவ்வேறு ஊர்களிலிருந்து வந்து சேர்ந்த ராஜபார்ட்டும் ஸ்திரீபார்ட்டும் தர்க்கம் செய்கிறார்கள். அங்கே வள்ளியாக நிற்கும் பெண்ணுக்குப் பின்னணிக் குரல் கிடையாது; சுருதி ஏறினால் அவளே ஏற வேண்டும், பதில் வேண்டுமென்றால் அவளே சொல்ல வேண்டும். அந்த நடிகையரின் இரவு ஊதியம், பயணம், குரல் கெட்டபின் பிழைப்பு ஆகியவை பற்றி நம் பல்கலைக்கழகங்களில் நடந்திருக்கும் ஆய்வு சொற்பம். சுந்தராம்பாளின் காதலைப் பற்றி எழுதியதில் ஒரு பங்கு அளவாவது அவர்கள் தொழிலைப் பற்றி எழுதினால், 1927இல் ஒரு ஸ்திரீபார்ட் நடிகை மேடையில் உண்மையில் என்ன செய்தார் என்பதை அவர்கள் வாயிலாகவே நாம் கேட்டறிய முடியும்.